எஃகுப் படை: பாஹியா கிளப் பற்றி நீங்கள் கேட்டதும் நான் சொன்னதும்

பிரேசில் கால்பந்து என்றால் நம்மவர்களுக்கு ரியோவும் சாவ் பாவ்லோவும்தான் ஞாபகம் வரும். ஃபிளமெங்கோ, சான்டோஸ், கொரிந்தியன்ஸ் என்று நாலு பெயரோடு பேச்சு நின்றுவிடும். வடகிழக்கில் இருக்கும் ஸ்போர்ட் கிளப் பாஹியா பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன் என்று போன வாரம் சொல்லியிருந்தேன். இவ்வளவு கேள்வி வரும் என்று எதிர்பார்க்கவில்லை. ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துவிட்டேன். என்னைத் தெரியாதவர்களுக்கு: நான் கப்பலில் எஞ்சினியராக இருந்தவன். சால்வடார் துறைமுகத்தில் மூன்று முறை இறங்கியிருக்கிறேன். அங்கே பிடித்த பித்து இன்னும் விடவில்லை.

செந்தில், திருச்சி: முதலில் பெயரை எப்படிச் சொல்வது சார்? பஹியாவா, பாகியாவா?

போர்ச்சுகீசில் அந்த 'எச்' எழுத்துக்குத் தனி ஒலி கிடையாது. ஊரில் காதில் விழுவது 'பயீயா', நடுவில் அழுத்தம். தமிழில் பாஹியா என்று எழுதிப் பழகிவிட்டோம், அப்படியே இருக்கட்டும். விரிகுடா என்று அர்த்தம். மாநிலத்தின் பெயரும் அதுதான், அதன் தலைநகர் சால்வடார். 1549 முதல் 1763 வரை பிரேசிலுக்கே தலைநகராக இருந்த ஊர். ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகப் பிடித்துவரப்பட்டவர்களின் வழிவந்தவர்கள்தான் அங்கே பெரும்பான்மை. பணமும் அதிகாரமும் பிற்பாடு தெற்கே போய்விட்டன. இதை மனதில் வைத்துக்கொண்டால்தான் மற்ற கதையெல்லாம் பிடிபடும்.

ஜெயந்தி, கோவை: கிளப்பைத் தொடங்கியது யார்? பணக்காரர்களா, தொழிலாளர்களா?

ஆட இடமில்லாமல் நின்ற ஆட்டக்காரர்கள், அம்மா. சால்வடாரில் அப்போது வசதியானவர்களின் கிளப்புகள் இரண்டு இருந்தன: அசோசியசாவ் அத்லெட்டிகா, பாஹியானோ டென்னிஸ் கிளப். இரண்டுமே தங்கள் கால்பந்துப் பிரிவை இழுத்து மூடிவிட்டன. ஆடிக்கொண்டிருந்தவர்கள் எங்கே போவார்கள்? கூடிப் பேசி, தங்களுக்கென்று ஒரு கிளப்பை உண்டாக்கிக்கொண்டார்கள். தொடக்க நாள் 1931 ஜனவரி 1. 'வெல்லப் பிறந்தது' என்பது அவர்கள் வைத்துக்கொண்ட முழக்கம். வாய்ச்சொல்லாகப் போகவில்லை, அந்த வருடமே மாநில சாம்பியன் ஆனார்கள்.

நீலம், சிவப்பு, வெள்ளை மூன்றும் மாநிலக் கொடியின் நிறங்கள். அதனால் 'எஃகு மூவர்ணம்', 'எஃகுப் படை' என்றெல்லாம் செல்லப் பெயர்கள். எஃகு என்று சொன்ன பிறகு சூப்பர்மேனை விடுவார்களா? கிளப்பின் சின்னப் பொம்மை அவர்தான். 1946-இல் வந்த கிளப் கீதத்தை சால்வடாரில் பள்ளிக்கூடப் பிள்ளைகூட முழுதாகப் பாடும்.

ரியாஸ், காயல்பட்டினம்: பரம எதிரி யார்?

விட்டோரியா. அதே ஊர். இரண்டு பெயரின் முதல் அசைகளையும் சேர்த்து அந்த ஆட்டத்துக்கு 'பா-வி' என்று பெயர். விட்டோரியா பாஹியாவைவிட மூத்தது, 1899-இல் பிறந்தது. நம் ஆட்களுக்கு ஒரு ஆச்சரியம்: அது கிரிக்கெட் கிளப்பாகத்தான் தொடங்கியது. பெயரிலேயே கிரிக்கெட் இருந்தது. கால்பந்து பிறகுதான் வந்து ஒட்டிக்கொண்டது.

இந்த மோதலில் ஒரே ஒரு ஆட்டத்தைச் சொல் என்றால் 1994 ஆகஸ்டில் நடந்த மாநிலக் கோப்பைத் தீர்மான ஆட்டத்தைச் சொல்வேன். டிரா செய்தால் பாஹியாவுக்குக் கோப்பை. ஆனால் விட்டோரியா 1-0 முன்னிலை, 90 நிமிடம் முடிந்து கூடுதல் நேரம் ஓடுகிறது. அப்போது ரவுதினேய் என்ற மாற்று ஆட்டக்காரர் பந்தை வலைக்குள் தள்ளினார். 1-1. துறைமுகத்தில் எங்களுக்குக் கயிறு கட்டிய ஒரு தொழிலாளி, இது நடந்து பல வருடம் கழித்து, கையில் இருந்த கயிற்றைக் கீழே போட்டுவிட்டு அந்த கோலை எனக்கு நடித்தே காட்டினார். அவருக்கு ஆங்கிலம் தெரியாது, எனக்கு அப்போது போர்ச்சுகீசு தெரியாது. 'ரவுதினேய்' என்ற பெயர் மட்டும் புரிந்தது. மற்றதை அவர் கால் சொன்னது.

கார்த்திக், வியாசர்பாடி: அண்ணா, பெலே இருந்த சான்டோஸைத் தோற்கடித்தார்கள் என்கிறீர்களே, அது நிஜமா? ஏதோ ஒரு நட்பு ஆட்டமா?

நிஜம் தம்பி. நட்பு ஆட்டம் இல்லை, இறுதிப் போட்டி. இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன்.

அந்தக் காலத்தில் பிரேசிலில் தேசிய லீக் கிடையாது. ஒவ்வொரு மாநிலமும் தன் சாம்பியன்ஷிப்பை நடத்திக்கொள்ளும். தென் அமெரிக்கக் கிளப்புகளுக்காக லிபெர்டடோரெஸ் கோப்பை தொடங்கப்போகிறது, அதற்கு ஒரு பிரதிநிதியை அனுப்ப வேண்டும். அதற்காக 1959-இல் 'பிரேசில் கோப்பை' வந்தது. மாநில சாம்பியன்கள் மோதும் நாக்-அவுட் போட்டி. யார் ஜெயிப்பார் என்பதில் யாருக்கும் சந்தேகமே இல்லை. பெலேயின் சான்டோஸ், இல்லாவிட்டால் ரியோவின் வாஸ்கோ.

பாஹியா வந்த பாதையைப் பாருங்கள். ரெசிஃபே நகரத்தில் 'ஸ்போர்ட்' என்றே பெயர் கொண்ட கிளப்போடு முதல் ஆட்டத்தில் 3-2 வெற்றி. இரண்டாவது ஆட்டத்தில் 6-0 தோல்வி. ஆறு கோல்! இன்றைய விதிப்படி அத்தோடு மூட்டை கட்டியிருப்பார்கள். ஆனால் அப்போது கோல்களைக் கூட்டிப் பார்க்கும் வழக்கமில்லை. ஆளுக்கொரு வெற்றி என்றால் மூன்றாவது ஆட்டம். அதை பாஹியா 2-0 என்று ஜெயித்தது. அப்புறம் அரையிறுதியில் வாஸ்கோ. அதற்கும் மூன்று ஆட்டம் தேவைப்பட்டது.

இறுதிப் போட்டியின் முதல் ஆட்டம் 1959 டிசம்பர் 10, சான்டோஸின் சொந்த மைதானமான விலா பெல்மிரோவில். அந்த மைதானத்தில் அந்த வருடங்களில் சான்டோஸை அசைப்பதே பெரிய காரியம். பாஹியா 3-2 என்று ஜெயித்தது. சால்வடாரில் நடந்த இரண்டாவது ஆட்டத்தில் சான்டோஸ் 2-0. மறுபடியும் மூன்றாவது ஆட்டம், இந்த முறை ரியோவின் மரக்கானாவில், 1960 மார்ச் 29. பாஹியா 3, சான்டோஸ் 1. விசென்டே, லேயோ, அலென்கார் மூவரும் கோல் அடித்தார்கள்.

கேட்பதற்கு முன்பே நானே சொல்லிவிடுகிறேன்: அந்த மூன்றாவது ஆட்டத்தில் பெலே ஆடவில்லை. சிலர் இதைச் சொல்லி வெற்றியைக் குறைப்பார்கள். விலா பெல்மிரோவில் 3-2 தோற்றபோது பெலே ஆடிக்கொண்டுதான் இருந்தார் என்பதை அவர்களுக்கு ஞாபகப்படுத்துங்கள்.

கடைசி ஆட்டத்தில் பாஹியாவுக்குப் பயிற்சியாளராக இருந்தவர் கார்லோஸ் வோலான்டே. அர்ஜென்டினாக்காரர். ஆடிய காலத்தில் ஃபிளமெங்கோவில் தடுப்பாட்டத்துக்கு முன்னால் நின்று பந்தைப் பிடுங்கிக் கொடுக்கும் வேலையை அவ்வளவு அருமையாகச் செய்தார். பிரேசிலில் இன்றுவரை அந்த இடத்தில் ஆடுபவரை 'வோலான்டே' என்றுதான் சொல்கிறார்கள். ஒருவரின் பெயரே அந்த இடத்துக்குப் பெயராகிவிட்டது.

அதே கார்த்திக்: அப்படியென்றால் லிபெர்டடோரெஸில் ஆடிய முதல் பிரேசில் அணியும் பாஹியாதானா?

ஆமாம், 1960-இல். புவெனஸ் ஐரிஸில் சான் லோரென்சோவிடம் 3-0 தோல்வி, சால்வடாரில் 3-2 வெற்றி. முதல் சுற்றோடு வெளியே வந்தார்கள். ஆனாலும் முதலில் கால் வைத்தவர்கள் என்ற பெயரை யாரும் எடுத்துக்கொள்ள முடியாது.

மேரி, நாகர்கோவில்: 1959 கோப்பையை தேசிய சாம்பியன் பட்டமாக எண்ணலாமா? தேசிய லீக் 1971-இல்தானே வந்தது?

நல்ல கேள்வி. ரொம்ப காலம் இது சண்டையாகவே இருந்தது. 2010 டிசம்பரில் பிரேசில் கால்பந்துக் கூட்டமைப்பு அந்தப் பழைய கோப்பைகளையும் தேசியப் பட்டங்களாக ஏற்றுக்கொண்டது. ஆகவே கணக்குப்படி பிரேசிலின் முதல் சாம்பியன் பாஹியா. ஜெர்சியின் நெஞ்சில் இருக்கும் இரண்டு நட்சத்திரங்கள் 1959-க்கும் 1988-க்கும். என் கருத்தைக் கேட்டால், அந்தந்தக் காலத்தில் என்ன போட்டி இருந்ததோ அதில் ஜெயித்தவர்தான் சாம்பியன். 1961, 1963 இரண்டிலும் அதே கோப்பையின் இறுதிவரை போய் சான்டோஸிடம் தோற்றார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒருமுறை அதிர்ஷ்டம் அடித்த அணி மூன்று முறை இறுதிக்கு வராது.

விக்னேஷ், சேலம்: பெலேயின் ஆயிரமாவது கோலை பாஹியா ரசிகர்கள் கெடுத்துவிட்டார்கள் என்று எங்கேயோ படித்தேன்.

தலைகீழாகப் படித்திருக்கிறீர்கள். கெடுத்தது ரசிகர்கள் இல்லை, பாஹியாவின் தடுப்பாட்டக்காரர். 1969 நவம்பர் 16, சால்வடாரின் ஃபோன்டே நோவா மைதானம், பாஹியாவும் சான்டோஸும் ஆடுகிறார்கள். பெலே 999-இல் நிற்கிறார். ஊரே அந்தக் கோலைப் பார்க்கத்தான் வந்திருக்கிறது. பெலே கோல்கீப்பரைத் தாண்டி அடித்த பந்து உள்ளே போகப்போகிறது. கோட்டருகே ஓடிவந்து நில்டோ அதைத் தடுத்துவிட்டார். தன் அணியின் கோல் முகத்தைக் காப்பாற்றிய ஆளை அவருடைய சொந்த ரசிகர்களே கூவி ஏசினார்கள்!

ஆட்டம் 1-1. மூன்று நாள் கழித்து மரக்கானாவில் வாஸ்கோவுக்கு எதிராகப் பெனால்டியில் அந்தக் கோல் வந்தது. வரலாறு சால்வடாரை விட்டு ரியோவுக்குப் போய்விட்டது என்று அங்கே இன்னும் ஆதங்கப்படுவார்கள். ஆனால் நில்டோவின் பக்கம் நின்று பாருங்கள். அவர் வேலை கோலைத் தடுப்பது. அதைச் செய்தார். எனக்கு அவர் மீது பெரிய மரியாதை.

தமிழரசி, ஈரோடு: 1988 அணியைப் பற்றி எழுதுங்கள். அப்பா அந்தக் காலத்துப் பிரேசில் ஆட்டங்களைப் பற்றி நிறையச் சொல்வார்.

அப்பாவிடம் பொபோ என்ற பெயரைச் சொல்லிப் பாருங்கள்.

அதற்கு முன் எழுபதுகள். 1973 முதல் 1979 வரை தொடர்ந்து ஏழு முறை மாநிலப் பட்டம். இதுவரை மொத்த மாநிலப் பட்டங்கள் ஐம்பதைத் தாண்டிவிட்டன. ஆனால் தேசிய அளவில் வடகிழக்கு அணிகளை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. கோடைக் கால டூர் போகிற ஊர், நல்ல கடல், நல்ல சாப்பாடு, கால்பந்து தெற்கே இருக்கிறது என்கிற மனப்பான்மை.

1988 போட்டித்தொடர் அடுத்த வருடம் பிப்ரவரி வரை இழுத்தது. பயிற்சியாளர் எவரிஸ்தோ டி மசேடோ. பார்சிலோனா, ரியல் மாட்ரிட் இரண்டுக்கும் ஆடியவர். பெரிய மைதானங்களைப் பார்த்துப் பழகிய மனிதர் என்பதால் தெற்கத்தி அணிகளின் பெயரைக் கேட்டு அவர் மிரளவில்லை, அவர் பையன்களும் மிரளவில்லை. நடுக்களத்தில் பொபோ. உயரமான ஆள், தலையை நிமிர்த்தி ஓடுவார். பந்து காலில் இருப்பதை மறந்துவிட்டவர்போல இருக்கும், ஆனால் பந்து காலைவிட்டுப் போகாது. முன்னால் சார்லஸ், பக்கத்தில் சே கார்லோஸ், கோல்கீப்பராக ரொனால்டோ (உலகப் புகழ் ரொனால்டோ இல்லை).

அரையிறுதியில் ஃபுளுமினென்ஸி. மரக்கானாவில் 0-0. சால்வடாரில் நடந்த இரண்டாவது ஆட்டத்தைப் பார்க்க 1,10,438 பேர் வந்தார்கள். ஃபோன்டே நோவாவின் சாதனைக் கூட்டம் அதுதான். பாஹியா முதலில் பின்தங்கி, பிறகு 2-1 என்று ஜெயித்தது. இறுதியில் போர்ட்டோ அலெக்ரேயின் இன்டர்நேசியோனல், கோல்கீப்பர் தாஃபரெல். 1989 பிப்ரவரி 15 அன்று சால்வடாரில் மறுபடியும் முதல் கோல் எதிரணிக்கு. பொபோ ஒன்று அடித்தார், இன்னொன்றும் அடித்தார். 2-1. நான்கு நாள் கழித்து நாட்டின் தென்கோடியில் அவர்கள் மைதானத்தில் 90 நிமிடம் பிடித்து நின்று 0-0. வடகிழக்குக்குப் பட்டம்.

அந்த ஆட்டங்களின் பதிவு இணையத்தில் கிடைக்கிறது. படம் மங்கலாகத்தான் இருக்கும். பொபோவின் இரண்டு கோல்களை மட்டுமாவது அப்பாவோடு உட்கார்ந்து பாருங்கள்.

பிரபு, பெங்களூரு: 1989 கோபா அமெரிக்காவில் சால்வடார் மக்கள் பிரேசில் அணிக்கு எதிராகக் கத்தினார்களாமே?

தென் அமெரிக்க நாடுகள் மோதும் கோப்பை அது. சார்லஸை ஓரங்கட்டியதால் வந்த கோபம். ஐந்து மாதம் முன்புதான் தேசிய சாம்பியன் ஆன ஊர். அந்த ஊரிலேயே ஆட வந்துவிட்டு, அந்த ஊர்ப் பையனை ஆட்டத்துக்குச் சேர்க்கவில்லை. கூவினார்கள், முட்டை எறிந்தார்கள். முட்டை எறிந்ததை நான் நியாயப்படுத்த மாட்டேன். ஆனால் கோபம் சார்லஸ் என்ற ஒருவருக்காக மட்டும் வந்தது இல்லை. ரொம்ப நாளாகச் சேர்ந்தது. பிரேசில் அணி கடைசியில் ரெசிஃபேக்கு மாறிப் போய் ஆடியது.

சுபா, யாழ்ப்பாணம்: இவ்வளவு பெரிய கிளப் மூன்றாம் பிரிவுக்கு விழுந்தது எப்படி?

ஒரே நாளில் விழவில்லை. கிளப்பை ஒரு சிறு கூட்டம் கையில் வைத்திருந்தது. தலைவரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை சாதாரண உறுப்பினருக்குக் கிடையாது, உள்ளே இருந்தவர்கள் ஒருவரையொருவர் தேர்ந்தெடுத்துக்கொண்டார்கள். 1997-இல் தேசிய லீக்கில் கடைசி இடங்களில் முடித்து, முதல்முறையாக இரண்டாம் பிரிவுக்கு இறங்கினார்கள். திரும்பி வந்து 2003-இல் மறுபடியும். 2005-இல் மூன்றாம் பிரிவு. அதே வருடம் விட்டோரியாவும் அதே பள்ளத்தில் விழுந்தது. இரண்டு தேசியப் பட்டம் வென்ற கிளப், பெயரே கேள்விப்படாத ஊர்களின் சிறிய மைதானங்களுக்குப் போய் ஆடியது.

2007 அக்டோபரில் எங்கள் கப்பல் சால்வடாரில் நின்றது. ஒரு நாள் சாயங்காலம் ஊருக்குள் போனேன், பஸ் நகரவே இல்லை. என்ன விசேஷம் என்று கேட்டால், ஆட்டம் என்றார்கள். எந்தப் பிரிவு என்றால், மூன்றாவது. நான் நம்பவில்லை. இறங்கி அவர்களோடே நடந்தேன். நீல, சிவப்புச் சட்டைகள், தோளில் குழந்தைகள், காதில் ரேடியோ வைத்த தாத்தாக்கள். டிக்கெட் கிடைக்கவில்லை. பக்கத்தில் டிக்கே டோ டொரோரோ என்ற ஏரி இருக்கிறது. மைதானம் லாடம்போல ஒரு பக்கம் திறந்து அந்த ஏரியைப் பார்த்தபடி இருக்கும். கரையில் நின்றுவிட்டேன். கோல் விழுந்தபோது சத்தம் அந்தத் திறப்பு வழியாகத் தண்ணீர் மேல் வந்தது. என் மார்புக்கூட்டில் அதிர்ந்தது. எஞ்சின் அறையில் வாழ்ந்தவன் நான், சத்தம் எனக்குப் புதிது இல்லை. அது வேறு மாதிரி இருந்தது.

சுபா (தொடர்ச்சி): அந்த வருடம்தானே மைதானத்தில் விபத்து?

ஆமாம். நவம்பர் 25. நான் அப்போது கடலில் இருந்தேன், இரண்டு நாள் கழித்துத்தான் தெரிந்தது.

விலா நோவா என்ற அணியோடு ஆட்டம், 0-0. அந்த ஒரு புள்ளி போதும், பாஹியா இரண்டாம் பிரிவுக்கு ஏறிவிட்டது. உள்ளே சுமார் 60,000 பேர். ஆட்டம் முடியும் நேரத்தில் மேல் அடுக்கில் நின்றவர்கள் குதித்துக் கொண்டாடிக்கொண்டிருந்தார்கள். காலடியில் கான்கிரீட் பலகை உடைந்து ஓட்டை விழுந்தது. ஏழு பேர் கீழே விழுந்து இறந்தார்கள். கூட்டத்தில் பலருக்கு அது தெரியவே இல்லை. ஒரு பக்கம் மரணம், மறுபக்கம் மைதானத்துக்குள் ஓடிக் கொண்டாட்டம்.

1951-இல் திறந்த கட்டடம். 1971-இல் மேல் அடுக்கு சேர்த்தார்கள். கடற்காற்று அடிக்கிற ஊரில் கான்கிரீட்டுக்குள் இருக்கும் கம்பி என்ன ஆகும் என்று எஞ்சினியரிடம் கேட்க வேண்டியதில்லை, துறைமுகத்துக் கூலியாளே சொல்வார். அதே வருடம் நாட்டின் பெரிய மைதானங்களைப் பார்வையிட்ட ஒரு பொறியாளர் அமைப்பு ஃபோன்டே நோவாவைக் கடைசி இடத்தில் வைத்திருந்தது. எச்சரிக்கை இருந்தது. ஆட்டம் நடந்தது. இதை எழுதும்போது இன்னும் கை நடுங்குகிறது.

மைதானத்தை மூடி, 2010 ஆகஸ்டில் வெடிவைத்துத் தகர்த்தார்கள். அதே இடத்தில் உலகக் கோப்பைக்காகக் கட்டிய புதிய மைதானம் 2013 ஏப்ரலில் திறந்தது.

இளங்கோ, புதுச்சேரி: ரசிகர்கள் கிளப்பையே கைப்பற்றினார்கள் என்று ஒரு வரி எழுதியிருந்தீர்கள். விளக்க முடியுமா?

இதற்காகத்தான் இந்தக் கேள்வி பதிலையே தொடங்கினேன் என்று சொல்லலாம். 1959-ஐயும் 1988-ஐயும் யார் வேண்டுமானாலும் தேடிப் படித்துக்கொள்வார்கள். 2013-ஐ யாரும் சொல்வதில்லை.

எதிர்ப்பு அதற்கு முன்பே இருந்தது. 2006-இல் 'என் பாஹியாவைத் திருப்பிக் கொடு' என்று ஆயிரக்கணக்கானோர் சால்வடார் தெருக்களில் ஊர்வலம் போனார்கள். பலன் இல்லை. அப்புறம் 2013. புதிய மைதானத்தின் திறப்பு ஆட்டமே பா-வி. பாஹியா 5-1 என்று தோற்றது. மே மாதம் மாநில இறுதியில் அதே விட்டோரியாவிடம் 7-3. ரசிகர்கள் ஒரு முடிவு செய்தார்கள்: மைதானத்துக்குப் போவதில்லை. 'பார்வையாளர் பூஜ்யம்' என்று இயக்கத்துக்குப் பெயர். மூன்றாம் பிரிவில்கூட மைதானத்தை நிரப்பியவர்கள், முதல் பிரிவு ஆட்டத்துக்கு வராமல் வீட்டில் இருப்பது என்றால் எவ்வளவு வலித்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

இன்னொரு பக்கம் வழக்கு நடந்துகொண்டிருந்தது. தலைவர் தேர்தலில் முறைகேடு என்ற வழக்கு. ஜூலையில் நீதிமன்றம் நிர்வாகத்தை நீக்கி, இடைக்கால நிர்வாகி ஒருவரை நியமித்தது. ஆகஸ்டில் உறுப்பினர்கள் அந்தப் புதிய மைதானத்திலேயே கூடி, விதிமுறைகளை மாற்றினார்கள். இனி தலைவரை உறுப்பினர்கள் நேரடியாக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுப்பார்கள். செப்டம்பர் 7, பிரேசிலின் சுதந்திர தினம். அன்றைக்கு முதல் நேரடித் தேர்தல் நடந்தது. எழுபதுகளில் தலைவராக இருந்த ஃபெர்னாண்டோ ஷ்மிட் ஜெயித்தார்.

உடனே எல்லாம் சரியாகிவிட்டதா? இல்லை. அடுத்த வருடமே மறுபடி இரண்டாம் பிரிவுக்கு இறங்கினார்கள். 2016-இல் ஏறி, 2021-இல் இறங்கி, 2022-இல் மீண்டும் ஏறினார்கள். ஆனால் தோற்றால் கேள்வி கேட்கவும், பிடிக்காவிட்டால் ஓட்டைப் போட்டு மாற்றவும் முடிந்தது. ஒரு கோப்பையைவிடப் பெரிதாக நான் எண்ணுவது இதைத்தான்.

நசீமா, சென்னை: எண்ணெய்க் கறை படிந்த ஜெர்சி அணிந்து ஆடினார்களே, அது இவர்கள்தானா?

இவர்கள்தான். 2019-இல் வடகிழக்குக் கடற்கரை முழுக்கக் கச்சா எண்ணெய் வந்து ஒதுங்கியது. மீனவர்களும் ஊர்க்காரர்களும் வெறுங்கையால் அள்ளிக்கொண்டிருந்தார்கள். அந்த அக்டோபரில் சியாரா அணியோடு ஆடியபோது, சட்டையில் கறுப்புக் கறை தெறித்த மாதிரி அச்சிட்டு அணிந்தார்கள். 2018-இல் கிளப்புக்குள்ளேயே ஒரு சமூகச் செயல்பாட்டுக் குழு அமைத்திருந்தார்கள். நிறவெறி, பெண்கள் மீதான தொல்லை, பூர்வகுடிகளின் நிலம் என்று பல விஷயங்களில் கிளப் வாய் திறந்தது. அதே ஆண்டுகளில் ஜெர்சியைப் பெரிய நிறுவனத்திடம் விடாமல் 'எஸ்குவாட்ராவ்' (படை) என்று சொந்தப் பெயரில் தயாரித்தார்கள். ஓட்டுப் போட்ட மக்கள் எப்படிப்பட்டவர்களோ கிளப்பும் அப்படி ஆனது.

ஹரி, தஞ்சாவூர்: அப்புறம் ஏன் மான்செஸ்டர் சிட்டிக்காரர்களிடம் விற்றார்கள்? முரணாக இல்லையா?

எனக்கும் மனது கேட்கவில்லை, மறைக்க மாட்டேன். ஆனால் விற்றது யார் என்று பாருங்கள். 2021-இல் கிளப்புகள் கால்பந்து நிறுவனமாக மாறலாம் என்று பிரேசிலில் சட்டம் வந்தது. கடன் கழுத்தை நெரித்தது. 2022 டிசம்பர் 3 அன்று உறுப்பினர்களிடம் ஓட்டெடுப்பு வைத்தார்கள். மிகப் பெரும்பான்மை ஆதரவு. 90 சதவீதம் மான்செஸ்டர் சிட்டியை வைத்திருக்கும் சிட்டி குழுமத்துக்கு, 10 சதவீதம் பழைய சங்கத்திடம். 15 வருடத்தில் பிரேசில் பணத்தில் 100 கோடி ரெயால் முதலீடு என்பது ஒப்பந்தம். 2013-இல் கேட்டு வாங்கிய அந்த ஓட்டுரிமையால்தான் இதையும் முடிவு செய்தார்கள்.

நிறம் மாறிவிடுமோ என்ற பயம் இருந்தது. மெல்போர்னில் வாங்கிய அணிக்கு சிட்டி குழுமம் வான்நீலத்தைப் போட்டுவிட்டதை எல்லோரும் பார்த்திருந்தார்கள். பிரேசில் சட்டத்தில் அதற்கு ஒரு பூட்டு இருக்கிறது: பெயர், சின்னம், நிறம், ஊர் இவற்றை மாற்றப் பழைய சங்கத்தின் சம்மதம் வேண்டும்.

ஆட்டத்தில் என்ன ஆனது? 2023-இல் மறுபடி இறங்கிவிடுவார்களோ என்று கடைசி நாள்வரை தொங்கிக்கொண்டிருந்து, அத்லெட்டிகோ மினெய்ரோவை 4-1 என்று அடித்துத் தப்பினார்கள். பயிற்சியாளர் ரோஜேரியோ சேனி. கோல்கீப்பராக இருந்துகொண்டே நூற்றுக்கு மேல் கோல் அடித்தாரே, அவரேதான். 2024-இல் எட்டாவது இடம். 2025-இல் 36 வருடத்துக்குப் பிறகு லிபெர்டடோரெஸ். வடகிழக்குக் கோப்பையும் ஐந்தாவது முறையாக அந்த வருடம் வந்தது. சந்தோஷமாகத்தான் இருக்கிறது. ஆனால் முடிவுகள் மான்செஸ்டரில் எடுக்கப்படும் நாளில் அந்த 10 சதவீதம் எவ்வளவு கனமாக இருக்கும் என்பதைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும்.

லோகேஷ், ஓசூர்: ரசிகர்களே டீம் பஸ் மேல் குண்டு எறிந்த சம்பவம்?

2022 பிப்ரவரி. மைதானத்துக்குப் போன பஸ் மேல் வெடி எறிந்தார்கள். கண்ணாடி சிதறி கோல்கீப்பர் டனிலோ ஃபெர்னான்டஸின் முகத்தில் குத்தியது, கண்ணுக்கு மிக அருகில். ஆட்டம் அன்றிரவே நடந்தது, மற்றவர்கள் ஆடினார்கள். எறிந்தவர்களை நான் ரசிகர்கள் என்று எழுத மாட்டேன்.

கயல்விழி, மதுரை: அங்கே மந்திரம், பூஜையெல்லாம் வைத்து ஜெயிக்கப் பார்ப்பார்களாமே?

ஆப்பிரிக்காவிலிருந்து வந்த கண்டோம்ப்ளே என்ற வழிபாடு பாஹியாவின் உயிர். மைதானத்துக்குப் பக்கத்து ஏரியில் தண்ணீர் மேல் அதன் தெய்வங்களின் பெரிய உருவச்சிலைகள் நிற்கின்றன. ஆட்டத்துக்கு முன்னால் வேண்டிக்கொள்வது அவர்களுக்கு, நாம் தேங்காய் உடைப்பதுபோல. 'மந்திரத்தால் ஜெயிக்கலாம் என்றால் பாஹியா மாநில லீக் முழுக்க டிராவில்தான் முடியும்' என்று ஒரு பழைய பேச்சு பிரேசிலில் உண்டு. சிரிக்கலாம். ஆனால் ஒரு காலத்தில் போலீஸ் புகுந்து அடித்து ஒடுக்கிய வழிபாடு அது என்பதைத் தெரிந்துகொண்டு சிரிக்க வேண்டும்.

டேவிட், தூத்துக்குடி: நானும் கப்பல்காரன்தான் அண்ணே. அடுத்த வருடம் சால்வடார் போக வாய்ப்பிருக்கிறது. ஆட்டம் பார்க்க என்ன செய்யலாம்?

கொடுத்து வைத்தவன் தம்பி. ஆட்ட நாளா என்று முதலில் பார்த்துக்கொள். டிக்கெட்டை முன்னாலேயே ஆன்லைனில் எடுத்துவிடு, நான் செய்த தப்பைச் செய்யாதே. இரண்டு மணி நேரம் முன்னதாகப் போய் ஏரிக்கரையைச் சுற்றி நட. புதிய மைதானத்திலும் அந்த லாடத் திறப்பை அப்படியே விட்டிருக்கிறார்கள்.

வழியில் வெள்ளைப் பாவாடை, தலையில் வெள்ளைத் துணி கட்டிய அம்மாக்கள் அகராஜே சுட்டுக்கொண்டிருப்பார்கள். காராமணியை ஊறவைத்துத் தோல் நீக்கி அரைத்து, செம்பனை எண்ணெயில் பொரிப்பது. நம் வடைக்கு அக்கா முறை வேண்டும். உலகக் கோப்பை சமயத்தில் மைதானத்துப் பக்கமே இவர்களை விடக்கூடாது என்று ஃபிஃபா விதி வந்து, அவர்கள் போராடித்தான் இடம் வாங்கினார்கள். பொரித்ததை இரண்டாகப் பிளந்து, உள்ளே இறால் வைத்துக்கொண்டே 'சூடா, ஆறியதா?' என்று கேட்பார்கள். சூட்டைப் பற்றிய கேள்வி இல்லை அது, மிளகாய் வேண்டுமா என்று அர்த்தம். 'கென்டே' என்று சொல், சூடு. தூத்துக்குடிக்காரன் தாங்குவான்.